ஒன்பதாவது மீட்டருக்குக் கீழே

பாறைத் துண்டு தலைகீழாக இருந்தது.

சுபாஷிணி அதை ஜன்னல் பக்கம் காட்டித் திருப்பிப் பார்த்தாள். பூமியிலிருந்து உருளையாகத் துளைத்தெடுத்த குவார்ட்சைட் கல். தில்லியின் மேட்டுப் பகுதிக்கு அடியில் பெரும்பாலும் இதுதான். கல்லுக்குள் மெல்லிய கோடுகள் ஓடின. நூறு கோடி ஆண்டுகளுக்கும் முன்னால் தண்ணீர் மணலைத் தள்ளிவந்து படியவைத்தபோது விழுந்தவை. கீழே கிண்ணம் போல் வளைந்து, மேலே கத்தியால் சீவியது போல் அறுபட்டு நிற்க வேண்டும். இதில் கிண்ணம் கவிழ்ந்திருந்தது.

ஒரு துண்டு என்றால் யாரோ கை தவறி மாற்றி வைத்திருப்பார்கள். அவள் அடுத்ததை எடுத்தாள். அதற்கடுத்ததை. ஒன்பது முதல் பன்னிரண்டு மீட்டர் வரையிலான அந்த மரப்பெட்டியில், கோடு தெரிந்த அத்தனை துண்டுகளும் கவிழ்ந்திருந்தன.

2004 மார்ச். வசந்த் குஞ்ச். ஒரு தனியார் கட்டடத்துக்கு நிலத்தடி வாகன நிறுத்தம் தோண்டிக்கொண்டிருந்தார்கள். அவள் இருந்த ஷெட்டிலிருந்து ஐம்பது அடி தூரத்தில் பள்ளம். உள்ளே ஏழு பேர். காலையில் ஆழம் எட்டரை மீட்டர்.

நிலவியலாளராக அவள் போன வாரம் கொடுத்த அறிக்கை சொன்னது: பதினொன்றரை மீட்டரில் அரை மீட்டர் கனத்துக்குக் களிமண் பட்டை, பள்ளத்தை நோக்கிச் சரிகிறது. அதன் மேலிருக்கும் பாறை, சாய்ந்த பலகைமேல் வைத்த பீரோ மாதிரி. அடியில் முட்டு இருக்கும்வரை நிற்கும். அந்த முட்டுக் கல்லை வெட்டினால் வழுக்கும். சுவரைப் பிடித்து நிறுத்தும் இரும்புக் கம்பிகள் வியாழக்கிழமை வரும். பதினொரு மீட்டர் வரை தைரியமாகத் தோண்டலாம்.

பெட்டி தலைகீழ் என்றால் களிமண் ஒன்பதிலேயே இருக்கிறது. கம்பிகள் வருமுன்பே, இன்று மாலைக்குள் தொட்டுவிடுவார்கள்.

இன்னொரு சந்தேகம் மிச்சமிருந்தது. இங்கே பாறையே மடிந்து கவிழ்ந்திருந்தால் பெட்டி சரி, அறிக்கையும் சரி. அவள் வேலிக்குப் பின்னால், சீமைக் கருவேல முள்ளை விலக்கிக்கொண்டு, வெளியே துருத்திய பாறையிடம் போனாள். சுத்தியலால் ஒரு முனையைத் தட்டிப் பெயர்த்தாள். கிண்ணங்கள் நேராக இருந்தன. பெட்டிதான் தலைகீழ்.

பெரியண்ணன் ரிக் லாரியின் நிழலில் டப்பாவைத் திறந்து தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். திருச்செங்கோட்டுக்காரர். கிணற்றுக்குத் துளை போடுவதே தொழில்; இங்கேயும் அதற்குத்தான் வந்திருந்தார். போன வாரம் பாறை மாதிரிகளை எடுக்கும் ஆளுக்குக் காய்ச்சல் வந்தபோது, ஒரே ஒரு நாள் இவரை அந்த வேலையில் நிறுத்தியிருந்தார்கள்.

"அண்ணா, அந்த ஒன்பது மீட்டர் பெட்டி நீங்க அடுக்கினதா?"

"ஆமாங் அம்மணி. ஒரு துண்டு விடாம அடுக்கினனுங்."

"எப்படி அடுக்கினீங்க?"

"கொழாயத் தூக்கித் தட்டுனா வருதுங். மொதல்ல விழுந்தத மொதல்ல வெச்சேன்."

"மொதல்ல விழறது அடிப்பக்கத்துக் கல்லாச்சே."

அவர் கை டப்பாவிலேயே நின்றது.

"முப்பது வருசமா போர் போடறனுங். தண்ணி வந்துச்சா இல்லியான்னுதான் கேப்பாங்க. கல்லு எப்படிப் படுத்திருந்துச்சுன்னு ஒருத்தரும் கேட்டதில்லீங்." பிறகு மெதுவாக, "அன்னைக்கு நீங்க இங்க இல்லீங்களே" என்றார்.

இல்லைதான். அன்று அவள் ஃபரீதாபாத்தில் இருந்தாள். மறுநாள் பெட்டியை மட்டும் பார்த்து எழுதிக் கையெழுத்துப் போட்டாள்.

சைட் இன்ஜினியர் ராஜசேகரன் முழுக்கதையையும் கேட்டுவிட்டு ஹெல்மெட்டைக் கழற்றித் தலையைச் சொறிந்தார்.

"மேடம், கல்லுக்கு ஜாதகம் பாக்கறீங்களா? போன வாரம் பதினொண்ணு வரைக்கும் ஓகேன்னது யாரு?"

"நான்தான். தப்பு."

"கோடு வளைஞ்சிருக்குன்னு வேலைய நிறுத்தினேன்னு மேல சொன்னா, என்னை ஊருக்கு டிக்கெட் எடுக்கச் சொல்வாங்க."

"நான் எழுதித் தரேன். இப்பவே."

"எழுதறதுக்கு முன்னாடி ப்ரூஃப் குடுங்க."

பெரியண்ணன் கையைக் கழுவிக்கொண்டு வந்து நின்றார்.

"சார், பெட்டிய மாத்தி அடுக்குனது நானுங். அம்மணி மேல தப்பில்ல. குழிக்குள்ள இருக்கறவங்கள ஒரு பத்து நிமிசம் மேல கூப்புடுங்க. நான் எறங்கி ஒரு ஓட்டை போட்டுப் பாத்துர்றேன்."

"இனிமே உங்களை இங்க யாரும் கூப்பிட மாட்டாங்க, தெரியுமில்ல?"

"தெரியுமுங்."

ராஜசேகரன் பள்ளத்தின் விளிம்புக்குப் போய்க் குரல் கொடுத்தார். "ஏ பையா, சாய் பீலோ. ஊப்பர் ஆவோ, சப்." வேளை கெட்ட வேளையில் டீயா என்று ஒருவன் இந்தியில் கேட்டுச் சிரித்தான். ஏழு பேரும் ஏணியில் ஏறி வந்தார்கள்.

"நானும் வரேன்" என்றாள் சுபாஷிணி.

"நீங்க மேலயே இருந்து சுவத்தைப் பாத்துக்கிட்டு இருங்க அம்மணி. பொடிக்கல்லு உதுந்தாக் கத்துங்க."

பெரியண்ணன் ஒரு கைத்துளை எந்திரத்தோடு தனியாக இறங்கினார். காற்றுக் குழாய் உறுமியது. சுவரின் அடியில் வெள்ளைப் பொடி பறந்தது. உலர்ந்த பொடி. ஒரு ஜாண். இரண்டு ஜாண். ராஜசேகரன் வாட்சைப் பார்த்தார். சுபாஷிணி சுவரை மட்டும் பார்த்தாள்.

சத்தம் மாறியது. பெரியண்ணன் உடனே விசையை விட்டார். எந்திரம் அவர் எடையோடு சேர்ந்து ஒரு முழம் தானாகவே உள்ளே போனது.

அவர் கம்பியைத் திருகி வெளியே இழுத்தார். நுனியில் ஈரமாக, மஞ்சள் நிறத்தில், குழைத்த சந்தனம் போல் களிமண் ஒட்டியிருந்தது. கம்பியை மட்டும் கழற்றிக்கொண்டு, எந்திரத்தை அங்கேயே போட்டுவிட்டு ஏணியில் ஏறினார். மேலே வந்ததும் கம்பியை ராஜசேகரனிடம் நீட்டினார்.

ராஜசேகரன் விரலால் தொட்டுப் பார்த்தார். விரலைக் கால்சட்டையில் துடைத்தார்.

"எந்திரம்?" என்றார்.

"கெடக்கட்டுங் சார்."

ராஜசேகரன் சுவரைப் பார்த்தார். டீக்குவளைகளோடு உட்கார்ந்திருந்த ஏழு பேரைப் பார்த்தார். பிறகு ஏணியை மேலே இழுத்துப் போடச் சொன்னார்.