யாரும் திருப்பிப் போடவில்லை

காளியம்மாவின் வலது கண்ணில் புரை எடுத்து, பஞ்சு வைத்துக் கட்டி, ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அனுப்பினார்கள். இடது கண் எப்போதோ மங்கிப்போனது. வெளிச்சம் தெரியும், ஆள் தெரியாது. அதனால் கட்டுப் பிரிக்கும்வரை உலகம் அவளுக்குச் சத்தமும் வாசனையுமாகவே இருந்தது. குனியக் கூடாது, அடுப்புப் பக்கம் போகக் கூடாது, முக்கியமாக வாந்தி எடுக்கக் கூடாது, தையல் தெறித்துவிடும் என்று டாக்டர் எச்சரித்திருந்தார். ஆயர் தாவார் ரப்பர் தோட்டத்துக்குத் திரும்பினால் மறுபடி கண்ணைக் காட்ட வருவது கஷ்டம். ஆகவே ஈப்போ நகரில், பூந்தோங் பகுதியில், மகன் பத்துமலையின் வாடகை வீட்டில் தங்கினாள்.

அந்த வீட்டு வாசற்படியை அவள் மிதித்தது அதுவே முதல் தடவை. பத்துமலை கட்டியிருந்தது ஆலிஸ் என்ற வேதக்காரப் பெண்ணை. கல்யாணத்துக்குக் காளியம்மா வந்தாள். ஒரு மூலையில் உட்கார்ந்திருந்துவிட்டு, தண்ணீர்கூடக் குடிக்காமல் பஸ் ஏறினாள். மாட்டிறைச்சி வெந்த சட்டியைத் தொட்ட கையால் தனக்கு ஒரு வாய் சோறும் வேண்டாம் என்று தோட்டத்து மாரியம்மன் முன்னால் நின்று சொல்லியிருந்தாள். ஆத்தாவிடம் சொன்ன சொல் ஆகையால் அதற்கு மேல் அவளிடம் பேச யாருக்கும் இடமில்லை.

கல்யாணமான நாளிலிருந்து ஆலிஸ் மாட்டிறைச்சியை வீட்டுக்குள் கொண்டு வந்ததில்லை. அதை அவள் யாரிடமும் சொல்லிக்கொண்டதும் இல்லை.

முதலில் பத்துமலையே கஞ்சி வைத்துக் கொடுத்தான். அடிப்பிடித்த கஞ்சிதான், ஆனாலும் பெற்ற பிள்ளையின் கை என்று காளியம்மா குடித்தாள். பிறகு லோரி ஓட்ட அவனைத் தஞ்சோங் மாலிம் பக்கம் அனுப்பினார்கள். திரும்பி வரச் சில நாளாகும். புறப்படும்போது மனைவியைச் சமையலறைக்குள் இழுத்து, தணிந்த குரலில் ஒரு வழி சொன்னான்.

"ஐயர் கடைச் சாப்பாடுன்னு சொல்லிக் குடுத்துடு லா. கண்ணைத்தான் கட்டியிருக்கே. அவங்களுக்கு என்னா தெரியப் போவுது?"

"கண்ணு கட்டுன ஆளை ஏமாத்துறது தூங்குற ஆளுகிட்டத் திருடுற மாதிரி. என்னால முடியாது."

"அப்ப பட்டினியாக் கெடப்பாங்க."

"கெடக்க விடமாட்டேன்" என்றாள் ஆலிஸ். எப்படி விடாமல் இருப்பது என்று அவளுக்குத் தெரியவில்லை.

லோரி போன பிறகு காளியம்மா வாழைப்பழமும் இளநீருமாக இருந்தாள். சோறு கொண்டுவரட்டுமா என்று கேட்டால் தலையைத் திருப்பிக்கொள்வாள். கோபமாக இல்லை, ஏதோ தன் உடம்புக்கு ஒத்துக்கொள்ளாததை மறுப்பதுபோல. மாத்திரைகளைச் சாப்பாட்டுக்குப் பிறகு போடச் சொல்லியிருந்தார்கள். வெறும் வயிற்றில் போட்டதும் குமட்டிக்கொண்டு வந்தது. காளியம்மா வாயைப் பொத்தி, கட்டிலின் சட்டத்தை இறுகப் பிடித்து அடக்கினாள். கட்டுக்குக் கீழே அவள் கன்னம் வெளுத்துப்போனது. ஆலிஸ் தோளைத் தாங்கிப் பிடித்தபடி நின்றாள். இந்த முறை அடங்கியது. அடுத்த மாத்திரைக்கு அடங்குமா?

அன்று பக்கத்து வீட்டுச் சீன அம்மா ஒரு பம்பளிமாஸ் பழத்தைக் கொண்டுவந்து காளியம்மாவின் மடியில் வைத்து, மலாயில் நலம் விசாரித்துவிட்டுப் போனாள். காளியம்மா முகம் மலர்ந்து இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். ஆலிஸுக்குப் பொறுக்கவில்லை. கேட்டே விட்டாள்.

"அத்தை, அவங்க வீட்டுல பன்னி சமைக்கிறாங்க. அவங்க கைப் பழத்தை மட்டும் வாங்குறீங்க?"

"பழத்துக்கு ஏது தீட்டு? தோலுக்குள்ள வச்சு சாமியே பூட்டியிருக்கு. எந்தக் கையில வந்தா என்னா."

ஆலிஸ் பழத்தை உரித்துக் கொடுத்தாள். உரிக்கும்போதே அந்தச் சொல் அவளுக்குள் எங்கோ போய் உட்கார்ந்தது. பிறகு மாதா படத்துக்கு முன் கொஞ்ச நேரம் முழங்காலில் இருந்தாள். எழுந்ததும் குடையை எடுத்துக்கொண்டு கடைக்குப் போனாள்.

ஒரு புது மங்கு, எனாமல் பாத்திரம் வாங்கினாள். வெள்ளையில் நீலக் கரை போட்டது. கடைக்காரன் ஒட்டிய விலைச்சீட்டைக்கூடப் பிய்க்காமல் கொண்டுவந்து காளியம்மாவின் கையில் கொடுத்தாள்.

"இது புதுசு அத்தை. இதுல எதுவும் வெந்தது இல்ல. கேக் செய்யப் போறேன். முட்டை போடாத கேக். எங்கம்மா தோட்டத்து பங்களாவுல சமையலுக்கு இருந்தப்பக் கத்துக்கிட்டது. மாவும் நெருப்பும் என்னது. அதை நான் மறைக்கல. பழத்தை நீங்க உரிச்சு, நீங்களே நறுக்குங்க. சாப்பிடணும்னு கட்டாயம் இல்ல. பக்கத்துல மட்டும் உக்காந்திருங்க."

காளியம்மா பாத்திரத்தின் உட்புறத்தை விரலால் ஒரு சுற்றுத் தடவினாள். விலைச்சீட்டின் மேல் விரல் நின்றது. வெளியே மழை பிடிக்கும் சத்தம் கேட்டது.

"கத்தி எங்க?" என்றாள்.

ரஸ்தாளிச் சீப்பை மடியில் வைத்துக்கொண்டு அவள் நறுக்கியதை ஆலிஸ் வேலையை மறந்து பார்த்தாள். விடியுமுன் நெற்றி விளக்கோடு பால்மரம் சீவிய கை அது. பட்டையில் எவ்வளவு ஆழம் போகலாம், எங்கே நிறுத்த வேண்டும் என்பதெல்லாம் அந்தக் கைக்குக் கண் இல்லாமலே தெரியும். ஒவ்வொரு வில்லையும் ஒரே கனத்தில், காசுபோல விழுந்தது.

ஆலிஸ் மாவைச் சலித்தாள், பேக்கிங் பவுடர் கலந்தாள். மார்ஜரினையும் சீனியையும் குழைத்தாள், பால் ஊற்றி எல்லாவற்றையும் சேர்த்தாள். என்ன செய்கிறாளோ அதை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே செய்தாள். மாவைப் பாத்திரத்தில் பரப்பி, மேலே வாழைப்பழ வில்லைகளை அடுக்கினாள். இன்னொரு அடுப்பில் குலா மலாக்கா என்ற தென்னை வெல்லம் தண்ணீரோடு கரைந்து கொதித்துக்கொண்டிருந்தது. அதில் எலுமிச்சை பிழிந்து, சொல்ல மறந்து, கொதிக்கக் கொதிக்க அப்படியே மாவின் மேல் கவிழ்த்தாள்.

காளியம்மாவின் தலை சட்டென்று நிமிர்ந்தது.

"என்னா ஊத்துன?"

"வெல்லத் தண்ணி, அத்தை."

"மாவு மேலயா?"

"மேலதான்."

"கெடுத்துட்டியே புள்ள. பழமாவே தின்னுருப்பேனே."

உண்மையில் பார்வைக்கும் அப்படித்தான் இருந்தது. பழுப்புத் தண்ணீரில் பழ வில்லைகள் மிதந்தன. மாவு அடியில் மூழ்கிக் கிடந்தது. பள்ளத்தில் மழைநீர் தேங்கியதுபோல. ஆலிஸ் அதைத் தூக்கி, மண்ணெண்ணெய் அடுப்பின் மேல் வைத்திருந்த, கேக் சுடும் தகரப் பெட்டிக்குள் வைத்துக் கதவைச் சாத்தினாள்.

மழை கூரைத் தகரத்தில் கொட்டியது. கொஞ்ச நேரம் மண்ணெண்ணெய் வாடைதான் இருந்தது. பிறகு வெல்லம் காயும் வாசனை மெல்ல வந்தது. அதற்குப் பின்னால் பழம் வேகும் வாசனை. கடைசியாக, இவை இரண்டையும் அணைத்துக்கொண்டு வரும் மாவின் வாசனை. காளியம்மா நாற்காலியோடு கொஞ்சம் நகர்ந்தாள். பிறகு இன்னும் கொஞ்சம். கடைசியில் சமையலறை நிலைப்படிக்கு வந்துவிட்டாள். வயிறு சத்தம் போட்டது. அதை மறைக்க இருமினாள். இருமக் கூடாதே என்று நினைத்துப் பாதியில் நிறுத்தினாள்.

ஆலிஸ் பாத்திரத்தை வெளியே எடுத்து மேசையில் வைத்தாள். காளியம்மாவின் கையில் ஒரு கரண்டியைக் கொடுத்து, மணிக்கட்டைப் பிடித்துப் பாத்திரத்தின் மேல் கொண்டுபோனாள். கரண்டி மேலே தட்டியது. தண்ணீர் இல்லை. காய்ந்து, பஞ்சுபோல் எழும்பிய மேடு. காளியம்மா முகத்தைச் சுளித்தாள். மெல்ல அழுத்தினாள். கரண்டி கேக்கைக் கடந்து உள்ளே இறங்கியது. அங்கே அடியில் பழமும் பாகும் கெட்டியாகச் சூடாகக் கிடந்தன.

அவள் கையை எடுக்கவில்லை. வேறொரு இடத்தில் இறக்கிப் பார்த்தாள். அங்கும் அப்படியே.

"தண்ணி கீழ கெடக்கு" என்றாள். "கீழ இருந்த மாவு மேல வந்து நிக்குது. யாரு திருப்பிப் போட்டா?"

"யாரும் திருப்பிப் போடல, அத்தை."

"நடுவுல கதவைத் திறந்தியா?"

"திறக்கல. திறந்தா அமுங்கிடும்."

"அப்பத் தானா மாறுச்சா?"

"தானாத்தான்."

காளியம்மா கரண்டியைப் பிடித்தபடியே உட்கார்ந்திருந்தாள். வாழ்நாளெல்லாம் கறுத்த மரத்தைக் கீறி, வெள்ளைப் பால் வடிவதைப் பார்த்தவள். அதை ஒரு நாளும் நின்று அதிசயப்பட அவளுக்கு நேரம் இருந்ததில்லை. வெயில் ஏறுவதற்குள் அடுத்த மரத்துக்கு ஓட வேண்டும், வாளி நிறைய வேண்டும். இன்று ஓட எங்கும் இல்லை. மூடிய கதவுக்குப் பின்னால், ஒரு கையும் படாமல், ஒரு கண்ணும் பார்க்காமல், மூழ்கினது எழுந்திருக்கிறது. அவள் உதடுகள் மெல்ல அசைந்தன. யாரைக் கூப்பிட்டாளோ, அவளுக்கே தெரியும்.

ஆலிஸும் பாத்திரத்தின் மேல் குனிந்தாள். தாய் டோரிஸ் இதைச் செய்வதைப் பிள்ளையிலிருந்து பார்த்தவள் அவள். அது இப்படித்தான் ஆகும் என்று தெரிந்திருந்ததாலேயே அதை அவள் நின்று பார்த்ததில்லை. கட்டுப் போட்ட கண் அருகில் இருந்ததால்தான் இன்று பார்த்தாள்.

காளியம்மா கரண்டியை மேசையில் வைத்துவிட்டுக் கேட்டாள். "சாமிகிட்ட சொன்னியா?"

"சொன்னேன்."

"என்னான்னு சொன்ன?"

"உங்க வயித்துல தங்கணும்னு."

மழை சற்றுக் குறைந்திருந்தது. காளியம்மா இரண்டு கையையும் விரித்து மடியில் வைத்தாள், பழம் வாங்கும்போது வைப்பதுபோல.

"ஆத்தாவுக்கு நான் பதில் சொல்லிக்கிறேன். ஆறிப்போறதுக்குள்ள வை."

ஆலிஸ் ஒரு தட்டில் அள்ளி வைத்தாள். முதல் வாய் உள்ளே போனது. இரண்டாவதும் போனது. சூடான பாகு தொண்டையில் இறங்குவதை அவள் கழுத்து அசைவிலேயே பார்க்க முடிந்தது. மாத்திரை போட்டாள். குமட்டவில்லை. ஆலிஸ் சுவரோரம் திரும்பி நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"மூக்கை உறிஞ்சாத" என்றாள் காளியம்மா. "நீயும் ஒரு தட்டு எடுத்துக்க. எனக்கு முன்னால நின்னு பார்த்தா எறங்காது."

அடுத்த நாள் கஞ்சி இறங்கியது. அதற்கடுத்த நாள் ரசமும் சோறும். பத்துமலை வந்தபோது தாய் தட்டை வழித்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். அவன் ஆலிஸைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டி, "ஐயர் கடையா?" என்று வாயசைத்தான். சத்தம் கொஞ்சம் வெளியே வந்துவிட்டது.

"ஐயர் என்னா ஐயர்" என்றாள் காளியம்மா தலையைத் தூக்காமலே. "ஒம் பொண்டாட்டி கை. ஒன்னோட கஞ்சிக்கு இது எவ்வளவோ மேல்."

கட்டுப் பிரித்த நாளில் தடித்த கண்ணாடி ஒன்றைக் கொடுத்தார்கள். வீட்டுக்கு வந்ததும் காளியம்மா ஆலிஸை ஜன்னலோரம் நிறுத்தி, முகத்தை உற்றுப் பார்த்தாள். கல்யாணத்தன்று அவள் பார்க்காமல் விட்ட முகம். இளைச்சிருக்கே என்று மட்டும் சொன்னாள். பிறகு அந்தக் கேக்கை இன்னொரு தரம் செய்யச் சொன்னாள். மாவு எந்த நேரத்தில் மேலே வருகிறது என்று இப்போது கண்ணால் பார்க்க வேண்டுமாம்.

ஆலிஸ் வேண்டாம் என்றாள். காளியம்மா கேட்கவில்லை. தகரப் பெட்டிக்கு முன்னால் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, இப்போ வந்திருக்கும், இப்போ வந்திருக்கும் என்று கதவைத் திறந்து திறந்து பார்த்தாள். திறக்கும் போதெல்லாம் கண்ணாடியில் ஆவி படிந்தது. துடைத்துவிட்டு மறுபடி குனியப் போனாள். ஆலிஸ் பிடித்து நிமிர்த்தினாள். கேக் பாதி எழும்பி, நடுவில் பொத்தென்று அமுங்கிக் களியாகிவிட்டது. மூன்று பேரும் சிரித்துக்கொண்டே அதையும் கரண்டியால் வழித்துத் தின்றார்கள்.

ஆயர் தாவாருக்குப் புறப்படும் முந்தின நாள் ஆலிஸ் மறுபடியும் செய்தாள். இந்த முறை பம்பளிமாஸ் சாறும் கொஞ்சம் சேர்த்து. பழத்தைக் காளியம்மாவே நறுக்கினாள். கதவைச் சாத்தியதும் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தாள். புதிதாகப் பார்வை வந்த கண்ணிலிருந்து கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்தாள். பிறகு, யாரும் சொல்லாமலே, கண்ணை மூடிக்கொண்டாள்.

வெல்ல வாசனை வந்தது. பழ வாசனை வந்தது.

"மேல வந்துருக்குமா, ஆலிஸு?"

அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. ஆலிஸ் மாமியாருக்குப் பக்கத்தில் வெறும் தரையில் உட்கார்ந்து, தானும் கண்ணை மூடிக்கொண்டாள்.

"வந்துக்கிட்டு இருக்கும், அத்தை."