கழுவி ஊற்றச் சொன்ன தண்ணீர்

கோபம் வந்தால் தையல்காரியிடமிருந்து முதலில் பறப்பது மரியாதைதான். மற்ற நாளில் "என்னங்க, வாங்க" என்று கூப்பிடுகிற புருஷனை அன்று காலை, "டேய், என்னடா பண்ணி வச்சிருக்க?" என்று கேட்டாள்.

அவன் பெரிய ஹோட்டலில் சமையல்காரன். அங்கே ஞாயிற்றுக்கிழமைகளில் காலையிலும் சேராத, மதியத்திலும் சேராத ஒரு சாப்பாடு போடுவார்கள். இரண்டு ஊர்ச் சமையலை ஒரே தட்டில் வைத்து ஃப்யூஷன் பிரன்ச் என்பார்கள். அதையே இன்று வீட்டில் செய்வதாக ஏற்பாடு. அவள் மலைக்காரி, அவன் கடற்கரைக்காரன். கல்யாணம் பிடிக்காமல் இத்தனை வருஷம் இந்த வாசலை மிதிக்காத அவளுடைய அப்பா, இன்றைக்குத்தான் முதல் தடவையாகச் சாப்பிட வருகிறார். மாதக்கணக்கில் தன் அடுப்புக்கு மேலே தொங்கவிட்டுப் புகைபோட்ட இறைச்சியைத் துணியில் சுற்றி முன்கூட்டியே அனுப்பியிருந்தார். வாயால் சமாதானம் பேசத் தெரியாத மனுஷன்.

அந்த இறைச்சி இப்போது ஊறி வெளுத்துப்போய்த் தொட்டிக்குப் பக்கத்தில் கிடந்தது.

"ராத்திரியே ஊறப் போட்டேன்" என்றான். "கருவாட்டை அப்படித்தானே பண்ணுவோம்? மணலு, உப்பு எல்லாம் போகணும்ல?"

"மலையில ஏதுடா மணலு? இதைத் துணியால துடைச்சு, கத்தியால சுரண்டி, அப்படியே போடணும். இதுக்கு ருசியே புகைதான். என்னை ஒரு வார்த்தை கேட்டிருந்தா குறைஞ்சா போயிருப்ப?"

பதில் கூடத்திலிருந்து வந்தது. "நான்தாம்மா ஊறப் போடச் சொன்னேன்" என்றார் மாமியார். "வீடே புகை நாத்தம். நல்லா கழுவி ஊத்தினாத்தான் மனுஷன் வாயில வைக்க முடியும்."

அவளுக்கு உள்ளங்காலிலிருந்து உச்சி வரை பற்றிக்கொண்டு வந்தது. அம்மா சொன்னதை மறைத்துவிட்டுக் கருவாட்டுக் கதை சொன்னவன் மேல் அதைவிடக் கோபம்.

"உன் மனசு சங்கடப்படக் கூடாதுன்னுதான் சொல்லல."

"என் மனசா, உன் அம்மா மனசா?"

அவன் பேச்சை மாற்ற, இறைச்சி ஊறிய பழுப்புத் தண்ணீரைக் கொட்டப் பாத்திரத்தைத் தூக்கினான்.

"வை கீழ."

விரலைத் தோய்த்து நாக்கில் வைத்தாள். போன புகை எல்லாம் இதில்தான் இருந்தது. அப்பாவின் அடுப்படியே இருந்தது. துணியில் வடிகட்டி உலையில் ஊற்றி, அரிசியைக் களைந்து போட்டாள்.

"கீழ ஊத்துற தண்ணியிலயா சோறு?"

"உன் ஹோட்டல்ல இதுக்கும் ஒரு பேரு வை, போ."

சப்பென்று போன இறைச்சியை அவனுடைய புளிப்பு மீன் குழம்பிலேயே தள்ளினாள். வேறு வழியில்லை.

அப்பா வந்தார். செருப்பைக் கழற்றுவதற்கே அத்தனை நேரம் எடுத்துக்கொண்டார். உட்கார்ந்ததும் முதலில் இறைச்சியைத்தான் எடுத்தார். மென்றார். மிச்சத்தைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கினார். அடுத்து வெறும் சோற்றை ஒரு வாய் எடுத்தவர், சட்டென்று நிமிர்ந்து மகளைப் பார்த்தார்.

"இன்னும் கொஞ்சம் சோறு போடு, பாப்பா."

"ஆமா, சோறு இன்னைக்கு என்னமா மணக்குது!" என்றார் மாமியார், இரண்டாம் தடவை வாங்கிக்கொண்டே. "ஹோட்டல் அரிசியாடா?"

சொல்லிவிடாதே என்று புருஷன் கண்ணாலேயே கெஞ்சினான். எப்போதும் போலப் பூசி மெழுகியிருக்கலாம். பூசி மெழுகித்தான் இத்தனை வருஷம் ஓடியது.

"நம்ம அரிசிதான், அத்தை. கழுவி ஊத்தச் சொன்னீங்களே, அந்தத் தண்ணியில வெந்தது."

மாமியாரின் கை தட்டிலேயே நின்றுவிட்டது. அப்பா ஓரத்தில் ஒதுக்கிய துண்டைப் பார்த்தார். மாப்பிள்ளையைப் பார்த்தார். அவன் தலை நிமிரவில்லை.

"இதைக் கழுவக் கூடாதுன்னு இவங்களுக்குத் தெரியாதா? இத்தனை வருஷத்துல நம்ம சாப்பாட்டை ஒரு தடவைகூட நீ இங்க சமைக்கலையா?"

"கேட்டேன், விடலப்பா."

அதைச் சொல்லும்போது அவள் குரல் உடைந்தது. உடைந்ததற்கும் சேர்த்துக் கோபம் வந்தது. கரண்டி நிறையச் சோற்றை அள்ளி, கேட்காமலே மாமியார் தட்டில் வைத்தாள்.

"இனிமே நானும் கேக்கப் போறதில்ல."