கவிழ்ந்த பாறை

நாட்டின் நிலவியல் வரைபடம் நான்காம் பதிப்பாகத் திருத்தப்பட்டு, மறுநாள் அச்சுக்குப் போக இருந்தது. வடக்குப் பகுதிக்கு அக்கா பொறுப்பு. அவள் பிரித்த பாறைகளுக்கு வண்ணம் தீட்டுவது நான். மாலையில், நிலத்தில் போட்ட கடைசி ஆழ்துளையில் எடுத்த பாறைத் துண்டுகள் நீளப் பெட்டியில் வந்தன. பெட்டியின் ஒரு முனையில் 'மேல்' என்றும் மறுமுனையில் 'அடி' என்றும் எழுதியிருக்கும்.

திறந்து பார்த்த அக்காவின் முகம் வெளுத்தது. மணல் படியும்போது பருமணல் அடியிலும் பொடிமணல் மேலேயும் தங்கும். இதில் எல்லா அடுக்கிலும் பருமணல் மேலே இருந்தது.

"அடுக்கு மொத்தமும் கவிழ்ந்து கிடக்குதுடா. அப்போ முதல் வரைபடத்துலேர்ந்து எல்லாரும் போட்டது தப்பு. நான் போட்டதும் தப்பு."

"நாலு தலைமுறையும் சேர்ந்தா கோட்டை விட்டீங்க? நல்ல கூட்டணிக்கா!"

"வாயை மூடு."

தண்ணீர்க் கிண்ணத்தை அவள் பக்கம் நகர்த்தினேன். அவள் துண்டுகளை ஒவ்வொன்றாக நனைத்துப் பார்த்தாள். 'அடி' முனையில் இருந்த துண்டின் வெடிப்பில் செம்மண்ணும் புல்வேரும் ஒட்டியிருந்தன.

"அவ்வளவு ஆழத்துல ஏதுடா புல்லு?"

உடனே துளை போட்டவரைப் போனில் பிடித்தாள். "அண்ணே, எந்தப் பக்கத்துலேர்ந்து அடுக்குனீங்க?"

"எப்பவும் போல என் இடது கைப் பக்கத்துலேர்ந்துதாம்மா." சற்று இழுத்தார். "ஆனா இந்தத் தடவை பெட்டிக்கு எதிர்ப்பக்கம் நின்னேன். எப்பவும் நிக்கிற பக்கம் ஒரே வெயிலு."

அக்கா நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்து சிரித்தாள்.

"பூமி நேராத்தான் இருக்கு. அண்ணன்தான் திரும்பி நின்னிருக்காரு. எடுடா பிரஷ்ஷை!"