தளர்ந்த தந்திகள்

பெட்டியில் வைப்பதற்காக அப்பாவின் ஆளுயர டபுள் பேஸ் வாத்தியத்தைத் தூக்கியபோது அதன் வயிற்றுக்குள் ஏதோ உருண்டது. ராதிம் மறுபடி சாய்த்துப் பார்த்தான். மறுபடியும் உருண்டது. அப்போதுதான் கவனித்தான்: நான்கு தந்திகளும் துணிக்கொடிபோலத் தொய்ந்து கிடந்தன.

எல்லாத் தந்திகளையும் ஒரே சமயத்தில் தளர்த்தினால் உள்ளே நிற்கும் மரக்குச்சி விழுந்துவிடும். பிறகு வாத்தியம் வெறும் மரப்பெட்டிதான். குச்சியை நிறுத்தத் தெரிந்தவரின் பட்டறை பிராக் நகரின் மறுகோடியில் இருந்தது. அப்பாவின் தகனம் மூன்று மணிக்கு. இப்போதே ஒன்றரை.

தான் கடைசியாக எழுதிய இசையைத் தன் வாத்தியத்திலேயே ராதிம் வாசிக்க வேண்டும் என்பதுதான் மருத்துவமனையில் அப்பா ஹினெக் கேட்டது. வேறொன்றும் கேட்கவில்லை. பின்வரிசையில் உறுமிக்கொண்டிருந்த பேஸை மேடையின் நடுவில் பாடவைத்தவர் என்று பேர் வாங்கியவர். உயிரோடிருந்தவரை மகனைத் தன் வாத்தியத்தின் கிட்டே அண்டவிட்டதில்லை. "நீ கூட்டத்துல வாசிக்கிறவன்டா" என்பார். ராதிம் வாத்தியக்குழுவில் ஐந்தாவது பேஸ்காரன்.

அவர் போன பிறகு மூன்று நாளும் அந்த வாத்தியம் சும்மா இருக்கவில்லை. கீழே டிராம் போனால் முனகியது. கதவு சாத்தினால் முனகியது. அப்பாவோடு முப்பது வருஷம் வாசித்த விலெம் நேற்று துக்கம் கேட்க வந்து தொண்டையைச் செருமினார். வாத்தியம் நின்ற மூலையிலிருந்து பதில் வந்தது.

"செத்தும் கடைசி வார்த்தை இவனோடதாத்தான் இருக்கணுமா" என்றார்.

யாரும் சிரிக்கவில்லை. அம்மா கோப்பைகளை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

இப்போது அவள் கறுப்புக் கையுறையை மாட்டியபடி அறை வாசலில் நின்றாள்.

"தந்தியைத் தளர்த்தப் பிருடையைத் திருப்பினது நீயாம்மா?"

"ஆமா."

"நாலையுமா?"

"நாலையும்."

"ஒவ்வொண்ணாத்தான் தளர்த்தணும்னு உனக்கு..." கேள்வியைப் பாதியில் விட்டான். நாற்பத்தோரு வருஷம், தந்தி மாற்றும்போதெல்லாம் வாத்தியத்தைப் பிடித்துக்கொண்டு நின்றவள் அவள்தான்.

கீழே ஒரு டிராம் போயிற்று. இந்தமுறை வாத்தியம் முனகவில்லை. இருவரும் அந்த அமைதியைக் கேட்டார்கள்.

"உன்னோடத எடுத்துட்டு வா" என்றாள்.

"அப்பா தனியா வாசிக்கிறதுக்காகச் சுருதிய ஏத்திக் கட்டியிருந்தார்ம்மா. என்னோடதுல எல்லாம் ஒரு சுரம் கீழ கேக்கும். வர்றவங்க அத்தனை பேருக்கும் தெரிஞ்சுடும்."

"தெரியட்டும்."

தகன மண்டபத்தில் இசை முடியும்போது சவப்பெட்டியின் முன்னால் திரையை மூட வேண்டும். எத்தனை நிமிஷம் என்று ஊழியர் கேட்டதற்கு, அப்பா இசைத்தாளில் குறித்திருந்தபடி ஒன்பது என்று சொல்லியிருந்தான்.

முதல் சுரத்திலேயே அப்பாவின் மாணவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ராதிம் வில்லை அவசரப்படுத்தவில்லை. அப்பா பாய்ந்து கடந்திருக்கக்கூடிய இடங்களில் அவன் நடந்து போனான். ஓரிடத்தில் நின்றே விட்டான். யாரோ இருமலை அடக்கிக்கொண்டார்கள். பிறகு தொடர்ந்தான்.

ஒன்பது நிமிஷம் ஆயிற்று. ஊழியர் கடிகாரத்தைப் பார்த்தார், பிறகு அம்மாவைப் பார்த்தார். மூடலாம் என்று அம்மா தலையசைத்தாள்.

திரை மூடியது. ராதிமுக்கு இன்னும் ஒரு பக்கம் இருந்தது. தாளைத் திருப்பினான்.