ஐந்து நிமிடம் முந்தும் கடிகாரம்

"ஏணியைப் பிடிங்க சார்!" என்று கத்தினார் கடிகாரக்காரர்.

வணிக வளாகத்தின் மேனேஜர் ஓடி வந்து பிடித்தார். உச்சியில் கடிகாரக்காரரின் விரல்களுக்குள் பெரிய முள் துள்ளிக்கொண்டிருந்தது. பின்னுக்குத் தள்ளினால் முன்னுக்கு வந்தது. பேட்டரியைப் பிடுங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். அப்போதும் அது அடங்கவில்லை. ஒரே தாவலில் ஐந்து நிமிடம் முன்னே போய், சாவகாசமாக நின்றது.

"இதோட பதினொண்ணு. எல்லாமே அஞ்சு நிமிஷம் ஃபாஸ்ட்! நீங்க ரிப்பேர் பண்றீங்களா, இல்ல முந்தி ஓடக் கத்துக்குடுக்கறீங்களா?" என்றார் மேனேஜர்.

கடிகாரக்காரர் சிரிக்கவில்லை. பத்தொன்பது வருடத்துக்கு முன் இதே இடத்தில் நகரத்தின் பெரிய ரயில் நிலையம் இருந்தது. அதன் மணிக்கூண்டுக் கடிகாரத்துக்குச் சாவி கொடுத்தவர் அவர்தான்.

கீழே சுவரோரம் ஒரு பலகை சாய்ந்திருந்தது. நிலையம் கட்டிய வருடம், ஆறு நடைமேடை, வெடி வைத்துத் தகர்த்த நாள் என்று மொத்த வரலாறும் அதில் இருந்தது. கடிகாரக்காரரின் அக்கா மூக்குக்கண்ணாடியை ஏற்றிக்கொண்டு கடைசி வரியில் நின்றாள். 'தடையை மீறி உள்ளே நுழைந்த, தண்டவாளம் மாற்றிவிடும் பாயிண்ட்ஸ்மேன் ஒருவர் தன் முடிவைத் தானே தேடிக்கொண்டார்.'

அந்தப் பாயிண்ட்ஸ்மேன் அக்காவின் கணவர்.

"போலீஸ் ரிப்போர்ட்ல இருக்கறதுதாம்மா. குடும்பத்துல ஒருத்தர் கையெழுத்து வேணும். போட்டுட்டா மாட்டிடலாம்" என்று மேனேஜர் பேனாவை நீட்டினார்.

கடிகாரக்காரத் தம்பி ஏணியில் இரண்டிரண்டு படியாக இறங்கி வந்தார். "அக்கா, போடாத."

"ஏன்டா? பொய்யா எழுதியிருக்கு?"

"மாமா அப்படிப்பட்டவர் இல்லக்கா."

"இத்தனை வருஷமா இதையேதான் சொல்ற. கூண்டுக் கடிகாரத்தை நீங்க ஸ்டேஷன்காரங்கதானே அஞ்சு நிமிஷம் முன்னாடி வச்சிருந்தீங்க, ஓடி வர்றவங்க வண்டியை விட்டுடக் கூடாதுன்னு? வெளியாளுக்குத் தெரியாது. உன் மாமாவைத் தூக்கத்துல எழுப்பிக் கேட்டாக்கூட அஞ்சைக் கழிச்சுத்தான் மணி சொல்லுவார். கைல வாட்ச் கட்டாத மனுஷன், அந்தக் கடிகாரம்தான் அவருக்கு எல்லாம்."

அவள் குரல் இறங்கியது. "வெடி பத்து மணிக்கு. பத்தாக நாலு நிமிஷம் இருக்கறப்ப தண்டவாளப் பக்கமா வந்தாராம். அண்ணாந்து மணியைப் பாத்தாராம். சிரிச்சாராம். சிக்னல் கேபினுக்குள்ள தன் கைவிளக்கை எடுக்கப் போயிட்டார். போக மூணு நிமிஷம், வர மூணு நிமிஷம். நாலு நிமிஷத்துல முடியாதுன்னு அவருக்கா தெரியாது? என்னை விட்டுட்டுப் போகணும்னு தோணியிருக்கு. அதானே?"

தம்பி சட்டைப்பையிலிருந்த பேட்டரியைத் தடவிக்கொண்டார். இந்த இடத்தில்தான் ஒவ்வொரு தடவையும் பேச்சை மாற்றிவிடுவார்.

அக்கா பேனாவை வாங்கிக்கொண்டாள்.

தலைக்கு மேலே டிக் என்றது. மூவரும் நிமிர்ந்தார்கள். பேட்டரி சட்டைப்பையில் கிடக்க, முள் நகர்ந்துகொண்டிருந்தது. எதிர்க்கடையிலிருந்தும் டிக். மாடியிலிருந்தும் டிக். பதினொரு கடிகாரமும் ஒரே தாளத்தில்.

மேனேஜர் ஏணியை விட்டுவிட்டுப் பின்வாங்கினார். "சார், இதென்ன சார்?"

"சொல்லச் சொல்றார்" என்றார் கடிகாரக்காரர்.

"யாருடா?"

"மாமா." அவர் அக்காவின் கையிலிருந்த பேனாவை மெல்லப் பிடுங்கினார். "அவர் சாகப் போகலக்கா. திரும்பி வர நேரம் இருக்குன்னு நினைச்சுத்தான் போனார். நாலு நிமிஷம் இல்ல, ஒன்பது நிமிஷம் இருக்குன்னு."

"எப்படிடா? அவரா தப்பாப் பாப்பார்?"

"அவர் சரியாத்தான் பாத்தார். வழக்கம்போல அஞ்சைக் கழிச்சார்."

டிக் சத்தம் சட்டென்று நின்றது. அந்த அமைதியில் அவர் குரல் அவருக்கே அந்நியமாகக் கேட்டது.

"அன்னிக்கு விடிகாலைல கடைசியாச் சாவி குடுக்க நான் கூண்டுக்கு ஏறினேன். காலமெல்லாம் பொய் சொன்ன கடிகாரம், சாகற அன்னிக்காவது உண்மையைச் சொல்லட்டும்னு தோணுச்சுக்கா. அஞ்சு நிமிஷம் பின்னுக்குத் தள்ளி, சரியான மணியை வச்சேன். யார்கிட்டயும் சொல்லல. மாமாகிட்டயும்."