வெட்டி எறிந்த 'ஹா'

படத்தின் கடைசிக் காட்சியில் கடல்மேல் உறைந்த பனி உடைகிறது. அதற்கு இசையமைப்பாளர் லூலே போட்ட மூன்று மெட்டுகளையும் இயக்குநர் மாரிகா தூக்கிப் போட்டுவிட்டாள். "பனி உடையுதா, பட்டாளம் போகுதாடி?" என்று கேலி வேறு. கடுப்போடு இருவரும் சாரேமா தீவில் மாரிகா வீட்டுச் சவுனாவில், அந்த நீராவிக் குளியல் அறையில், வேர்க்க உட்கார்ந்தார்கள்.

மாரிகா ஓர் அகப்பைத் தண்ணீரை எடுத்துக் கொதிக்கும் கற்கள்மேல் வீசினாள். ஆவி உஸ்ஸென்று சீற, கற்கள் படீரென்று சத்தம் போட்டன.

லூலே துள்ளி எழுந்தாள். "இதான்டி! இதான் அந்தச் சத்தம்!"

பொட்டுத் துணியில்லாமல் பனியில் ஓடி, ஒலிப்பதிவுக் கருவியோடு திரும்பினாள். அதைக் கதவிடுக்கில் பிடித்தபடி, "ஊத்து! மூச்சு விடாத!" என்று கத்தினாள்.

ஊற்றினாள். ஆவி முகத்தில் அறைந்ததும் மாரிகா சொக்கிப்போய், "ஹாஆஆ..." என்றாள்.

"கெடுத்தியே, பாவி!"

"தானா வருதுடி! நீ ஊத்திப் பாரு, தெரியும்!"

லூலே ஊற்றினாள். அவள் வாயிலிருந்தும் அதே "ஹாஆஆ..." வந்தது. எத்தனை தடவை எடுத்தும் யாராவது ஒருத்தி கெடுத்தாள். கடைசியில் லூலே உட்கார்ந்து பதிவிலிருந்து அந்த 'ஹா'வை மட்டும் நறுக்கென்று வெட்டி எறிந்தாள்.

படம் முதன்முதலாக, வீட்டுக்கு வீடு சவுனா இருக்கும் அந்தத் தீவிலேயே ஓடியது. திரையில் பனி உடைந்தது, கூடவே அவர்கள் பதிந்த ஆவியின் சீறல் கேட்டது. லூலே பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தாள்.

"ஹாஆஆ..." என்றது கொட்டகை முழுக்க.

மாரிகா அவள் விலாவில் இடித்தாள். "இப்ப வெட்டுடி, பார்க்கலாம்!"