வா என்று சொல்லக் கூடாத இடம்

என் மாமியார் சுனேகோ என்னுடைய பழைய சட்டை ஒன்றை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு காரில் ஏறினார். எதற்கு என்று நான் கேட்கவில்லை. தெரியும்.

"வழிகாட்டிகிட்ட, கும்பிட்டுட்டுப் போக வந்தோம்னு மட்டும் சொல்லு. வேற எதையாவது உளறி வைக்காத."

"சரிம்மா."

"எதச் சொன்னாலும் ஒரு சரிம்மா. கிளிப்பிள்ளை மாதிரி."

என் மனைவி ஷிஹோ இறந்து ஐந்து மாதம் ஆகிறது. குளித்துவிட்டு வந்து தலையைத் துவட்டிக்கொண்டிருந்தவள் அப்படியே விழுந்தாள். தலைக்குள் ரத்தக்குழாய் வெடித்திருந்தது. நான் அழவில்லை. சடங்குக்கு வந்தவர்களுக்கு வரிசையாகக் குனிந்து நன்றி சொன்னேன். மறு வாரம் வேலைக்குப் போனேன். எங்கள் மகள் மாயுவுக்கு மூன்று வயது. அவள் படியில் உருண்டு விழுந்து நெற்றி கிழிந்து அலறியபோது நான் காபிக் கோப்பையோடு நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். ஓடிவந்து தூக்கியது மாமியார்தான். அன்றே அவளைத் தன் வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டார்.

"உன்கிட்ட மபுய் இல்ல, தொமோயா" என்றார். "உள்ள ஆள் இல்லாத வீட்டுல குழந்தைய விடமாட்டேன்."

உடம்புக்குள் குடியிருக்கும் ஆளைத்தான் மபுய் என்போம். பயந்தால், தடுக்கி விழுந்தால், அது நழுவிக் கீழே விழுந்துவிடும். விழுந்த இடத்துக்கே போய் மூன்று கூழாங்கல் பொறுக்கி, பேர் சொல்லி 'வா' என்று கூப்பிட்டு, அவரவர் சட்டையில் முடிந்து அழைத்து வர வேண்டும். ஒகினாவாவில் பிறந்த எல்லாருக்கும் இது தெரியும். பல்கலைக்கழகத்தில் நிலவியல் படித்த எனக்கும் தெரியும். நம்புகிறாயா என்று யாரும் என்னைக் கேட்டதில்லை.

என் மபுய் எங்கே விழுந்தது என்பதையும் மாமியாரே முடிவு செய்தார். போன கோடையில் ஷிஹோவும் நானும் தெற்கே ஒரு போர்க்காலச் சுரங்கத்தைப் பார்க்கப் போனோம். உள்ளே வழுக்கி இடுப்பளவு தண்ணீரில் விழுந்தேன். மூச்சு நின்றுவிட்டது போல இருந்தது. ஷிஹோ சிரித்த சிரிப்பு சுரங்கம் முழுக்க எதிரொலித்தது. கல் பொறுக்க இரண்டு பேருக்கும் தோன்றவில்லை.

"அங்கதான் கிடக்குது. அது உன்கூட இருந்திருந்தா என் பொண்ணுக்காக ஒரு சொட்டாவது அழுதிருப்ப. போய்க் கூட்டிட்டு வருவோம். அப்புறம் மாயுவ நீயே வெச்சுக்கோ."

மாயு எனக்கு வேண்டும். அந்த ஆசை மனதில் எழவில்லை. வேண்டும் என்பது தெரிந்தது, அவ்வளவுதான்.

வழிகாட்டி சினென் கரும்புக் காட்டு ஓரத்தில் வேனை நிறுத்திவிட்டுக் காத்திருந்தார். ஐம்பது வயதிருக்கும். பள்ளிப் பிள்ளைகளைக் கூட்டம் கூட்டமாக அழைத்துப் போகிறவர். கேட்டுக்கொண்டால் தனியாகவும் கூட்டிப் போவார். தலைக்கவசம், கையுறை, ரப்பர் பூட்ஸ், ஆளுக்கொரு டார்ச் கொடுத்தார்.

"அக்கா, ஹெல்மெட் உங்களுக்கு அம்சமா இருக்கு. கட்டட மேஸ்திரின்னா யாரும் நம்பிடுவாங்க."

"நான் மேஸ்திரியா இருந்தா இப்படி ஒரு ஓட்ட வேன வெச்சிருக்க மாட்டேன், தம்பி."

அவர் வாய்விட்டுச் சிரித்தார். சுரங்க வாய்க்கு வந்ததும் சிரிப்பு போய்விட்டது. ஆலமர வேர்கள் தொங்கும் ஒரு குழி. அதிலிருந்து குளிர்ந்த காற்று முழங்காலில் மோதியது.

"உள்ள போறப்ப, 'கொஞ்ச நேரம் இருந்துட்டுப் போறோம்'னு சொல்லணும். திரும்பறப்ப, 'நாங்க போறோம், நீங்க இருங்க'ன்னு சொல்லணும். நடுவுல யாரையும் 'வா'ன்னு கூப்பிடக் கூடாது. நமக்குள்ளயும்தான். 'கையப் பிடி'ன்னு சொல்லுங்க, 'இந்தப் பக்கம்'னு சொல்லுங்க. அது மட்டும் வேண்டாம்."

போன தடவை வந்த வழிகாட்டி இதைச் சொல்லவில்லை. "ஏன்?" என்று கேட்டேன்.

"இது ராணுவ ஆஸ்பத்திரியா இருந்த இடம். பின்வாங்கறப்போ நடக்க முடிஞ்சவங்கள மட்டும் கூட்டிட்டுப் போனாங்க. மத்தவங்ககிட்ட, நாளைக்கு வந்து கூட்டிட்டுப் போறோம்னு சொன்னாங்க. அவங்க இன்னும் காத்துட்டு இருக்காங்க, தம்பி. 'வா'ன்னு கேட்டா யார் குரல்னெல்லாம் பாக்க மாட்டாங்க, கிளம்பி வந்துடுவாங்க."

மாமியார் பையை மார்போடு அணைத்துக்கொண்டார். அவருக்கு இந்த விதி முன்பே தெரியும் என்று அப்போதுதான் புரிந்தது.

சரிவில் இறங்கி, பிறகு குப்புறப் படுத்து ஊர்ந்தோம். அந்த இடுக்கு ஒரு பேருந்தின் நீளம் இருக்கும். முதுகில் பாறை உரசியது. முன்னால் மாமியாரின் பூட்ஸ் அடிப்பாகம் மட்டும் தெரிந்தது. இடுக்கு முடிந்ததும் நிமிர்ந்து நிற்கும்படி ஒரு அறை. சுவரில் கடப்பாரைத் தடங்கள். கூரை கரிபிடித்துக் கறுத்திருந்தது. தரையில் மருந்துக் குப்பிகள், ஒரு உடைந்த கிண்ணம், செருப்பின் ரப்பர் வார். அறையின் மறுபக்கம் நான் விழுந்த தண்ணீர், கண்ணாடி போல அசையாமல் கிடந்தது. அதற்கு அப்பால் சுரங்கம் இன்னும் உள்ளே போனது. அங்கே போவதில்லை என்று சினென் சொன்னார்.

"இப்ப எல்லாரும் விளக்க அணைச்சிடலாம். அவங்க இருந்த இருட்ட கொஞ்ச நேரம் பாக்கலாம்."

அணைத்தோம். கண்ணைத் திறந்தாலும் மூடினாலும் ஒன்றாக இருந்தது. என் கை எனக்கு இருக்கிறதா என்று இன்னொரு கையால் தொட்டுப் பார்த்தேன். எங்கோ தண்ணீர் சொட்டியது. பிறகு பையின் ஜிப் திறக்கும் சத்தம். தண்ணீரோரம் கல்லோடு கல் உரசும் சத்தம்.

"அக்கா? என்ன பண்றீங்க?" சினென் கேட்டார்.

"மபுயா, மபுயா" என்று மாமியார் முணுமுணுத்தார். அடுத்து என் பேர் வர வேண்டும். காத்திருந்தேன். அவர் மூச்சு இழுத்தார்.

"ஷிஹோ. வா. வீட்டுக்குப் போலாம் வா, ஷிஹோ."

விளக்கு எரிந்தது. சினென்னின் முகம் சுண்ணாம்பு போல வெளுத்திருந்தது. மாமியார் என் சட்டையை மடியில் விரித்து மண்டியிட்டிருந்தார். வாயைக் கையால் பொத்திக்கொண்டிருந்தார்.

"ஷிஹோ யாரு?"

மாமியார் மடியிலிருந்த சட்டையை இறுக்கிப் பிடித்தார்.

"அக்கா, உசுரோட இருக்கறவங்கதான?"

"என் பொண்ணு" என்றார் மாமியார். "இவன் பேரத்தான் சொல்ல வந்தேன். வாய் தவறிடுச்சு."

சினென் கண்களை மூடித் திறந்தார். "செத்தவங்கள... இங்க வந்து... 'வா'ன்னு..." அவருக்கு முடிக்க வரவில்லை. "சரி. சொன்னதத் திருப்பிச் சொல்லிடுங்க. 'வராத, இரு'ன்னு சொல்லுங்க. கூப்பிட்ட ஆள்தான் சொல்லணும்."

"என் பொண்ணப் பாத்தா?"

"யாரப் பாத்தாவது சொல்லுங்கக்கா!"

"மாட்டேன்." அவர் குரல் திடீரென்று உறுதியாக வந்தது. "அவ வந்தா வரட்டுமே. உனக்கென்னடா? பெத்தவ வாயால 'வராத'ன்னு சொல்லச் சொல்றியா?"

"உங்க பொண்ணு மட்டும் வருவாங்கன்னு யாரு சொன்னது?"

அப்போது தண்ணீருக்கு அப்பால், நாங்கள் போகாத பக்கத்தில், கற்கள் சரிந்தன. சின்னக் கற்கள்தான். சுண்ணாம்புப் பாறை மழை ஊறினால் உதிரும். மழை பெய்து மூன்று வாரம் ஆகியிருந்தது. சினென் டார்ச்சை அந்தப் பக்கம் திருப்பவில்லை. நானும் திருப்பவில்லை. தண்ணீரில் மெல்லிய வளையங்கள் எங்கள் பக்கமாக விரிந்து வந்தன.

"கிளம்பலாம்" என்றார் சினென். "கல்ல இங்கயே போடுங்க. தம்பி, நீங்க கடைசி. திரும்பிப் பாக்காதீங்க."

மாமியார் கற்களைப் போட்டார். போட்ட சத்தம் கேட்டது. எத்தனை என்று தெரியவில்லை.

இடுக்கில் படுத்தேன். முன்னால் பூட்ஸ். அதற்கும் முன்னால் சினென்னின் வெளிச்சம் கொஞ்சம். பின்னால் ஒன்றும் இல்லை. அந்த இடத்தில் உடம்பைத் திருப்ப முடியாது. கழுத்தைக்கூட முடியாது. சினென் முன்னாலிருந்து சத்தமாக, "நாங்க போறோம், நீங்க இருங்க, நாங்க போறோம், நீங்க இருங்க" என்று சொல்லிக்கொண்டே போனார்.

என் கால்மாட்டில் சரளைக்கல் நறநறத்தது.

நின்றேன். அதுவும் நின்றது. என் பூட்ஸ் தள்ளிய கல் என்று நினைத்துக்கொண்டேன். முழங்கையை ஊன்றி ஒரு எட்டு நகர்ந்து, காலை அசைக்காமல் வைத்தேன். மறுபடி நறநறத்தது. கிட்டத்தில்.

வருவது ஷிஹோவாக இருந்தால் என்ன என்று ஒரு கணம் நினைத்தேன். ஈரத் தலையோடு, துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு. வரட்டும் என்று இருந்தது. இங்கேயே படுத்துக் காத்திருக்கலாம் என்று இருந்தது. அந்த ஆசை வந்ததும் உடம்பு முழுக்க வேர்த்தது. ஐந்து மாதத்தில் முதல் முறையாக என் நெஞ்சு அடிப்பது எனக்குக் கேட்டது. காதில், பல்லில், பாறையில் கேட்டது. நான் இங்கே காத்திருந்தால் மாயு யாருக்காகக் காத்திருப்பாள்?

"ஷிஹோ" என்றேன். நாக்கு ஒட்டியது. "வராத."

முன்னால் மாமியாரின் பூட்ஸ் நின்றது. "டேய்! சொல்லாதடா!"

"வராத, ஷிஹோ. மாயுவ நான் பாத்துக்கறேன். நீ இங்க... நீ எங்க இருக்கியோ அங்கயே இரு. எங்க பின்னாடி வராத."

"பாவி! உன் பொண்டாட்டிடா அவ!"

"நகருங்கம்மா."

"உனக்கு எப்படிடா வாய் வருது?"

"அம்மா, பயமா இருக்கு. நகருங்க, கெஞ்சிக் கேக்கறேன்!"

என் குரல் எனக்கே தெரியவில்லை. சின்னப் பிள்ளை கத்துவது போல இருந்தது. மாமியாரின் பூட்ஸ் நகர்ந்தது. என் காலுக்குப் பின்னால் இருந்தது கூட வந்ததா நின்றுவிட்டதா என்று தெரியாது. நான் கத்திக்கொண்டே ஊர்ந்தேன்.

வெளியே வெயில் கண்ணைக் குத்தியது. சினென் எங்களைப் பார்க்காமல், குழியைப் பார்த்துக் குனிந்து ஏதோ சொன்னார். எங்கள் இருவர் தோளிலும் உப்புத் தூவினார். அவர் கையிலிருந்து பாதி உப்பு அவர் மேலேயே சிந்தியது. "இன்னைக்கு வேற எங்கயும் போகாதீங்க. நேரா வீட்டுக்குப் போங்க" என்றார். கேலி ஏதும் இல்லை.

தலைக்கவசத்தின் வாரைக் கழற்ற எனக்கு வரவில்லை. விரல்கள் ஆடின. கரும்பு வரப்பில் உட்கார்ந்துவிட்டேன். மூக்கு ஒழுகியது. கண்ணிலிருந்தும் ஒழுகியது. மாமியார் என் எதிரில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். திட்டுவார் என்று நினைத்தேன். அவர் குனிந்து, என் தாடைக்கடியில் வாரைக் கழற்றிவிட்டார்.

"நான் சொல்லியிருக்கணும் அத" என்றார். "என்னால முடியல."

பிறகு, "இன்னைக்கே மாயுவக் கூட்டிட்டுப் போ" என்றார்.

"இப்படி நடுங்கறேனேம்மா."

"அதனாலதான் சொல்றேன்."

காரை அவர்தான் ஓட்டினார். வழியில் இரண்டு பேரும் பின் இருக்கையைப் பார்க்கவில்லை.

மாமியார் வீட்டு வாசலில் மாயு ஓடிவந்தாள். பக்கத்து வீட்டு அம்மாள் ஊட்டிய சோறு கன்னத்தில் ஒட்டியிருந்தது. தூக்கினேன். என் கை நடுக்கம் இன்னும் நிற்கவில்லை. போட்டுவிடுவேன் என்று பயந்தேன். அவள் நெற்றித் தழும்பு, வாசற்படி, கல் தரை எல்லாம் ஒரே நேரத்தில் கண்ணில் பட்டன. இன்னும் இறுக்கிப் பிடித்தேன்.

"வலிக்குதுப்பா" என்றாள்.

பிடியைத் தளர்த்தினேன். கொஞ்சம்தான்.